தௌலிப் பாறையில் அதிகாரிகளுக்கு ஓர் ஆணை

புவனேசுவரத்திற்குத் தெற்கே ஏறத்தாழ 8 கிலோமீட்டர் தொலைவில் தௌலி என்னும் சிறு குன்று உள்ளது. ஒடிஷாவில் வாழும் நம்மவரிற் பலர் அங்கே சென்றிருக்கக்கூடும். அசோகச் சக்கரவர்த்தி பொறிப்பித்த சாசனங்கள் அங்குள்ள பாறையில் இன்றும் இருக்கின்றன.

ஏறத்தாழ கி.மு. 261இல் நிகழ்ந்த கலிங்கப் போரைக் குறித்து மன்னர் மனம் நொந்து உரைக்கும் 13ஆம் சாசனம் வேறு பல இடங்களில் உண்டு. போர் நிகழ்ந்த கலிங்கத்திலோ அது இல்லை. அதற்கு ஈடாக இரண்டு தனி ஆணைகள் அங்கே வரையப்பட்டன. அவற்றுள் ஒன்று தோசலி நகரத்து நீதி அதிகாரிகளுக்கு உரியது.

பல்லாயிரம் உயிர்கள் உங்கள் பொறுப்பில் உள்ளன என்று தொடங்கும் அவ்வாணை, காரணமின்றி ஒருவன் சிறைப்படுவதும் துன்புறுவதும் நேர்கின்றனவே என வருந்துகிறது. இதற்கு ஏதுவாக அது எண்ணும் குற்றங்கள் ஏழு: பொறாமை, முன்கோபம், கடுமை, அவசரம், பயிற்சியின்மை, சோம்பல், அயர்ச்சி.

இறுதியில் நிற்கும் அயர்ச்சியே நம் சிந்தனைக்கு உரியது. மூலத்தில் இதற்குரிய பிராகிருதச் சொல் 'கிலமத' என்பதாகும். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நாம் இதனைச் சோம்பல் என்று பெயர்த்துவிட இயலாது. சோம்பல் அதே பட்டியலில் தனியே இடம்பெற்றுள்ளது. உழைக்க மறுப்பவன் வேறு, உழைத்து ஓய்ந்தவன் வேறு என்பதை மன்னர் அறிந்திருந்தார். ஆயினும், ஓய்ந்தவன் கையாலும் நீதி தவறும் என்பதனால் இருவரையும் ஒரே வரிசையில் நிறுத்தினார். இவை அனைத்திற்கும் மாற்று, சினமின்மையும் பதறாமையுமே என்றார்.

வழிமுறையையும் அவர் வகுத்தார். பூச நட்சத்திர நாள்தோறும் இவ்வாணை படிக்கப்படுதல் வேண்டும். இடையிலும், கேட்பவர் ஒருவரேயாயினும் படித்துக் காட்டலாம். ஐந்தாண்டுக்கு ஒருமுறை, கடுமையற்ற, மென்மையான அதிகாரி ஒருவர் வந்து மேற்பார்வை செய்வார்.

ஆனால் ஓய்வு கொள்க என்று மட்டும் அவர் கூறவில்லை. அயர்ந்தவனும் எழுந்து நடக்கவே வேண்டும் என்கிறார். உண்ணும்போதும் அந்தப்புரத்திலும் மக்கள் காரியத்தைத் தமக்கு அறிவிக்கலாம் என்று அதே பாறையில் மற்றொரு சாசனத்தில் உரைத்தவர் அல்லவா அவர்! அவருடைய திட்டத்தில் இது ஒரு குறையே எனலாம்.

நேயர்களே, மாலை வேளையில், கோப்புகள் குவிந்து கிடக்க, பிழையேதும் செய்யாத இளநிலை எழுத்தரை நாமும் கடிந்ததுண்டு. அன்று நாம் கண்டது அவருடைய பிழையையா, நம்முடைய களைப்பையா? தலைமை ஏற்றவரின் அயர்ச்சிக்குரிய விலையைக் கீழே இருப்பவரே கொடுக்கிறார். இக்கேள்வியை, பூசந்தோறுமேனும், நாம் நம்மிடம் கேட்டுக்கொள்வது நன்று.