கணக்குப் பிள்ளை திவானான சரித்திரம்

அரசரை அண்டி ஊழியம் செய்தோர் உலகில் பல்லாயிரவர். அவ்வூழியத்தையே ஏணியாகக் கொண்டு ஏறி, ஒரு ராஜ்யத்தின் பாரத்தைத் தம் தோளில் தாங்கியோர் மிகச் சிலர். பிரான்சு தேசத்தில் நான்காம் ஹென்றி மன்னருக்கு ஆடை தைத்துக் கொடுத்த லாஃபமா என்னும் பணியாளர், 1602-ஆம் ஆண்டில் அத்தேசத்து வர்த்தகம் முழுவதற்கும் தலைமைக் கண்காணிப்பாளராக உயர்ந்து, முசுக்கட்டைச் செடி பயிரிடுவித்துப் பட்டுத் தொழிலைப் பெருக்க முயன்றார் என்று அந்நாட்டுச் சரித்திரம் கூறும். கத்திரிக்கோல் பிடித்த கை ராஜாங்க முத்திரை பிடித்ததை வியப்போடு படிக்கும் நாம், நமக்கு அண்மையிலேயே நிகழ்ந்த அதனினும் பெரிய அற்புதத்தை மறந்திருக்கின்றோம். மைசூர் திவான் பூர்ணையரின் வரலாறே அது.

பூர்ணையர் நம் குலத்தவர் அல்லர், மாத்வப் பிராமணர். நம் சங்கத்துப் பத்திரிகையில் அவர் கதைக்கு இடம் ஏன் என்று அன்பர் சிலர் வினவக்கூடும். பெருமைக்குரிய ஒருவரைக் கண்டால் உடனே அவரை நம் குலத்தவர் என்று நிறுவ முயல்வது ஒரு வழக்கம். அதனால் நமக்கு விளையும் பயன் யாதுமில்லை. யார் எக்குலத்திற் பிறந்தவராயினும், அவர் உயர்ந்த வழி எது, வழுவிய இடம் எது என்று ஆராய்ந்து கொள்வதே பயன் தருவதாம். அன்றியும், கடைக் கணக்கெழுதித் தொடங்கிய வாழ்க்கை அவருடையது. மண்டிகளிலும் தோல் பதனிடும் ஷாப்புகளிலும் பேரேடு எழுதும் பிள்ளைகள் நிறைந்த வாணியம்பாடியில் இக்கதை அயலார் கதையாகாது.

பூர்ணையர் 1746-ஆம் ஆண்டு கோயமுத்தூர்ச் சீமையில் ஓர் ஏழைக் குடும்பத்திற் பிறந்தார். இளமையிலேயே தந்தையை இழந்தார். வயிற்றுப் பிழைப்புக்காக ஒரு மளிகை வியாபாரியிடம் கணக்கெழுதும் வேலையில் அமர்ந்தார். அவ்வியாபாரிக்கு, ஹைதர் அலியின் அரண்மனைக்குச் சரக்கு வழங்கிய அன்னதான செட்டியார் என்னும் பெருவணிகரோடு கொடுக்கல் வாங்கல் இருந்தது. அவ்வழியே பிள்ளையின் கணக்குத் திறமையும், ஒருமுறை கண்டதை மறவாத நினைவாற்றலும், பன்மொழிப் பயிற்சியும் ஹைதரின் காதுக்கு எட்டின. எழுதப் படிக்க அறியாத ஹைதர், ஆளை அறிவதில் ஈடற்றவர். தாம் அறியாத எழுத்தைத் தமக்காகக் காக்கத்தக்கவர் இவரே என்று தேர்ந்து, நாளடைவில் தம் பொக்கிஷக் கணக்கையே ஒப்புவித்தார்.

அந்த ஹைதர் நம் ஊருக்குப் புதியவர் அல்லர். 1767-ஆம் ஆண்டின் இறுதியில் அவர் திருப்பத்தூரையும் வாணியம்பாடியையும் கைப்பற்றி, ஆம்பூர் மலைக்கோட்டையை ஏறத்தாழ நான்கு வாரம் முற்றுகையிட்டார். கர்னல் ஸ்மித்தின் படை வந்ததும் முற்றுகையை நீக்கி, டிசம்பரில் வாணியம்பாடியில் எதிர்த்து நின்று, பின் காவேரிப்பட்டினம் நோக்கி விலகினார். பாலாற்றங்கரை முழுவதும் அவருடைய குதிரைப் படையின் குளம்படி பட்ட நிலமே.

பூர்ணையர் வெறும் கணக்கர் அல்லர் என்பதை உலகம் கண்டதும் நம் வேலூருக்கு வடக்கே சித்தூருக்கு அருகில்தான். இரண்டாம் மைசூர் யுத்தம் நடந்து வருகையில், 1782 டிசம்பர் 7-ஆம் நாள், நரசிங்கராயன்பேட்டைப் பாசறையில் ஹைதர் ராஜபிளவை நோயால் மாண்டார். மூத்த புதல்வர் திப்புவோ மேற்குக் கடற்கரையில் பொன்னானிப் பக்கம் போர்முனையில் இருந்தார். அரசர் இறந்தார் என்ற சொல் வெளிப்பட்டால், படை சிதறும், பகைவர் பாய்வர், பட்டத்துக்குப் போட்டி எழும். பூர்ணையரும் அவருடன் பொக்கிஷம் கவனித்த கிருஷ்ணராவும் மிகச் சிலரோடு கலந்து, மரணத்தை மறைத்தனர். உடலை வாசனைப் பொருள்கள் நிரப்பிய பெட்டியில் வைத்து, பொக்கிஷம் அனுப்புவதுபோல் காவலோடு கோலாருக்கு அனுப்பினர். காண வந்தவர்களுக்கு, நவாபு தளர்ந்திருக்கிறார், இன்று பேச இயலாது என்று விடை கூறப்பட்டது. உத்தரவுகள் வழக்கம்போல் பிறந்தன.

இதற்கிடையே ஹைதரின் உறவினரான முகமது அமீன் என்னும் குதிரைப்படைத் தலைவர், இரண்டாம் புதல்வர் அப்துல் கரீமைப் பெயருக்கு அரசராக்கித் தாம் ஆள நினைத்துச் சதி செய்தார். அதுவும் கண்டுபிடிக்கப்பட்டது. சதியாளர் ஹைதரின் ஆணையாலேயே விலங்கிடப்படுவது போலத் தோன்றச் செய்து, அவர்களை அடைத்தனர். சென்னையிலிருந்த ஆங்கிலத் தளபதியோ செய்தியை நம்பாமல் காலம் கடத்தினார். திப்பு விரைந்து வந்து சேர்ந்தபோது, படையும் பொக்கிஷமும் குலையாமல் அவர் கையில் ஒப்படைக்கப்பட்டன. பொக்கிஷச் சாவி கையிலிருக்க, தலைவரற்ற பாசறையின் நடுவே நின்ற அந்த முப்பத்தாறு வயது ஊழியர், தமக்கென்று ஒன்றும் எடுத்துக் கொள்ளவில்லை. இதனை நம் இளைஞர் ஊன்றி நினைத்தல் வேண்டும்.

திப்புவின் காலத்திலும் பூர்ணையர் வருவாய் நிர்வாகத்தில் உயர்ந்த பதவி வகித்தார். போர்க்களத்திற் படையும் நடத்தினார். அது கத்தி முனையில் நடந்த காலம். உடனிருந்த கிருஷ்ணராவ் துரோகக் குற்றம் சாற்றப்பெற்று 1791-இல் கொல்லப்பட்டார். பூர்ணையர் மட்டும் நிலைத்தார். 1792-ஆம் ஆண்டு உடன்படிக்கையால் மைசூர் தன் பாதி நிலத்தை இழந்தது. திருப்பத்தூரை உள்ளடக்கிய பாரமகால் சீமையும் அதனோடு கும்பினியாருக்குப் போயிற்று. கேப்டன் ரீடும் அவர்கீழ்த் தாமஸ் மன்றோவும் இங்கு வந்து நிலம் அளந்து ரயத்துவாரி முறையைத் தொடங்கியது அதன்பின் நிகழ்ந்ததே.

1799 மே 4-ஆம் நாள் ஸ்ரீரங்கப்பட்டினம் வீழ்ந்தது. திப்பு போரில் மாண்டார். இனி யாரை அரசராக்குவது? வென்ற ஆங்கிலேயர் மனம் எப்பக்கம் சாயும் என்று பார்த்துப் பேசுவதே தோற்றவரின் மந்திரிக்கு இயல்பு. பூர்ணையரோ, திப்புவின் மூத்த மகன் பத்தே ஹைதரையே அரசராக்கிக் கப்பம் பெறலாம் என்று தளபதி ஹாரிஸிடம் யோசனை கூறினார். உண்ட உப்பை மறவாத சொல் அது. அது ஏற்கப்படவில்லை. பழைய உடையார் வமிசத்தில் ஐந்து வயதுக் குழந்தையாயிருந்த மூன்றாம் கிருஷ்ணராஜர் அவ்வாண்டு ஜூன் 30-ஆம் நாள் அரியணை ஏற்றப்பட்டார். பத்தே ஹைதரும் சகோதரர்களும் வேலூர்க் கோட்டையில் வைக்கப்பட்டனர். 1806 ஜூலை 10-ஆம் நாள் அக்கோட்டையில் சிப்பாய்கள் எழுந்தபோது அரசரென்று கூவியதும் அந்தப் பத்தே ஹைதரின் பெயரையே. அதன்பின் அக்குடும்பம் கல்கத்தாவுக்கு அனுப்பப்பட்டது.

புதிய அரசுக்குத் திவான் யார்? உடையார் குடும்பத்து ராணி லட்சுமியம்மணியின் சார்பில் பல ஆண்டு ஆங்கிலேயரோடு தூது பேசி, அப்பதவிக்கு வாக்குறுதியும் பெற்றிருந்தவர் திருமலைராவ். ஆயினும் பகைவரிடம் பணி செய்த பூர்ணையரையே ஆங்கிலேயர் திவானாக்கினர். எந்த ஊரில் எவ்வளவு வரி, எந்த ஏரி உடைந்தது, எந்தப் படைக்கு எவ்வளவு சம்பளம் என்பதெல்லாம் அவர் ஒருவர் மனத்தில் இருந்தன. அவரின்றி ராஜ்யம் ஒரு நாளும் நடவாதென்பதை வென்றவர்களே உணர்ந்தனர். மூன்று எசமானர்களிடம் ஊழியம் செய்தவர் உண்மையுள்ளவராவாரோ என்று கேட்போர் உண்டு. ஒருவர் வாழுங்கால் அவரை விட்டு மற்றொருவரிடம் ஓடியவர் அல்லர் அவர் என்பதே நாம் கூறும் விடை. எசமானர் மறைந்தபின்னும் கணக்கு அவரிடம் மறையவில்லை. அதை அடுத்தவரிடம் ஒப்புவிக்கும் கடமையும் மறையவில்லை.

1799 முதல் 1811 வரை பூர்ணையர் ஆண்டார் என்றே சொல்லலாம். ஆண்டுதோறும் கும்பினியாருக்கு 7 லட்சம் வராகன் செலுத்தியும், ஏரிகளையும் கால்வாய்களையும் பழுது பார்த்தார். ஸ்ரீரங்கப்பட்டினத்தில் காவேரிமீது கற்றூண்களின்மேல் 1804-இல் கட்டி முடித்து, வெல்லெஸ்லி பிரபுவின் பெயரிட்ட பாலம் அவர் காலத்தது. 1803-ஆம் ஆண்டு மராட்டியப் போரில், பின்னாளில் வெல்லிங்டன் பிரபுவான ஆர்தர் வெல்லெஸ்லிக்குக் குதிரைப் படையும் தானியமும் மாடுகளும் அனுப்பி உதவினார். 1807-இல் எளந்தூர் ஜாகீர் அவருக்குப் பரம்பரையாக வழங்கப்பட்டது. பதவி விட்டபோது பொக்கிஷத்தில் இரண்டு கோடி ரூபாய்க்கு மேல் இருப்பு இருந்தது.

நிற்க. பெரியோரின் புகழை மட்டும் பாடி முடிப்பது சரித்திரமாகாது. அவ்விரண்டு கோடியும் குடிகளை நெருக்கி வசூலித்துச் சேர்த்தது என்று பின்வந்தோர் குறை கூறினர். அக்குறையை முற்றும் தள்ளுதல் இயலாது. கணக்கனுக்கு இருப்பு மிகுவதே இன்பம்; உழுகின்றவனுக்கு அவ்விருப்பு தன் வீட்டுக் குதிரிலிருந்து போன நெல்லாகவே தோன்றும். மற்றொரு குறை இதனினும் பெரிது. ஐந்து வயதில் அரசரான பிள்ளை பதினாறு வயதுவரை வளர்ந்தும், அதிகாரம் முழுவதும் திவான் கையிலேயே இருந்தது. அரசர் தாமே ஆளவேண்டும் என்று கேட்டபோது, பூர்ணையர் எளிதில் விட்டுக்கொடுக்க மனங்கொள்ளவில்லை. முடிவில் 1811-இல் விலகி ஸ்ரீரங்கப்பட்டினம் சென்று, 1812 மார்ச்சு மாதத்தில் காலமானார்.

அதன்பின் நடந்தது யாது? சேர்த்த பொருளின் பெரும்பகுதி சில ஆண்டுகளிலேயே கரைந்தது. நகர் சீமையில் குடிகள் கலகம் செய்தனர். 1831-இல் ஆங்கிலேயர் ஆட்சியைத் தாமே எடுத்துக் கொண்டனர். மைசூர் அரச குடும்பம் அதனைத் திரும்பப் பெற ஐம்பது ஆண்டு சென்றது. ஹைதரின் பொக்கிஷத்தைத் திப்புவிடம் சிதறாமல் ஒப்படைத்த அதே கை, தான் நிரப்பிய பொக்கிஷத்தை ஏற்பதற்கு ஓர் ஆளைப் பழக்கத் தவறிற்று. திப்பு போர்க்களத்தில் வளர்ந்த சிங்கம். பெற்றதைக் காக்க அறிந்தவர். கிருஷ்ணராஜரோ கொலுவில் அமர்த்தப்பட்ட பிள்ளை. பொருளை ஒப்புவிப்பது ஒரு நாட் காரியம். பொறுப்பை ஒப்புவிப்பதோ பத்தாண்டுப் பழக்கம்.

ஆதலின் அன்பர்களே, இச்சரித்திரத்தில் நமக்குப் பாடங்கள் இரண்டு. ஏழைப் பிள்ளையின் பேரேட்டை எளிதாக எண்ணற்க. நேர்மையான கணக்கும் பல மொழிப் பயிற்சியும் அவனை எவ்வளவு உயரத்துக்கும் ஏற்றும். உயர்ந்தோரும் ஒன்றை நினைவிற் கொள்க. கடை, ஷாப்பு, கோயில் தர்மம், சங்கம் ஆகிய எதனை ஆள்வோராயினும், கையிருப்பை மட்டும் காட்டி நிறைவு கொள்ளலாகாது. அடுத்து வரும் பிள்ளைகளைப் பக்கத்தில் அமர்த்திச் சாவியைத் தொடப் பழக்குதல் வேண்டும். நம் சங்கத்தின் கணக்கு மேசையருகே இன்று இரண்டு இளைஞருக்கு நாற்காலி இடுவோமாக. பெரியோர் சேர்த்தது பிள்ளைகள் கையில் நிலைப்பதற்கு வேறு வழியில்லை.