‘நிருவாக நலன்’ என்னும் சொல்: இடமாறுதல் வழக்குகளின் அரை நூற்றாண்டு

‘தண்ணியில்லாக் காட்டுக்கு மாற்றிவிடுவேன்’ என்ற மிரட்டலை அறியாத அரசு ஊழியர் தமிழகத்தில் அரிது. பேச்சுவழக்கு இடமாறுதலைத் தண்டனையாகவே அறிந்துவைத்திருக்கிறது. சட்டத்தின் மொழியிலோ அது பணியின் இயல்பான கூறு. தண்டனைகளின் பட்டியலில் இடம்பெறாத காரணத்தால், குற்றச்சாட்டுக் குறிப்பாணையும் விசாரணையும் இன்றி, ‘நிருவாக நலன் கருதி’ என்ற ஒற்றைத் தொடரோடு அதனைப் பிறப்பித்துவிடலாம். இவ்விரு வழக்குகளுக்கும் இடையிலான இடைவெளியில்தான் இடமாறுதல் வழக்குகள் பிறக்கின்றன.

இவ்வரலாற்றின் முதன்மையான வழக்கு தமிழ்நாட்டிலிருந்தே சென்றது. தலைமைச் செயலாளராகப் பணியாற்றிய இ.பி. ராயப்பா, 1971-இல் மாநிலத் திட்டக்குழுவின் துணைத்தலைவர் பதவிக்கும், 1972-இல் தனி அலுவலர் பதவிக்கும் மாற்றப்பட்டார். இம்மாற்றங்கள் உள்நோக்கம் கொண்டவை எனக் கூறி உச்ச நீதிமன்றத்தை நேரடியாக நாடினார். 1973 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அவர் மனுவைத் தள்ளுபடி செய்தது. ஆயினும் நீதிபதி பி.என். பகவதி, சமத்துவமும் தான்தோன்றித்தனமும் ஒன்றுக்கொன்று பகை எனத் தம் தீர்ப்பில் எழுதினார். பிரிவு 14-க்கு அவர் தந்த அந்த விளக்கம் பிற்கால இந்தியச் சட்டச் சிந்தனையையே மாற்றியது. அதே தீர்ப்பு, உள்நோக்கத்தை மெய்ப்பிக்கும் பெருஞ்சுமையைக் குற்றஞ்சாட்டுபவர் தோளிலேயே ஏற்றியது. கோட்பாடு வென்றது, மனுதாரர் தோற்றார்.

அடுத்த இருபதாண்டுகளில் அச்சுமை மேலும் கூடியது. 1986-இல் வரதராவ் வழக்கில், அடிக்கடி நிகழும் நியாயமற்ற மாறுதல்கள் குடும்பத்தை வேரோடு பிடுங்குவதையும் குழந்தைகளின் கல்வியைக் குலைப்பதையும் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. ஆனால் 1989-இல், சூரத்திலிருந்து உகாய்க்குச் செல்ல மறுத்துப் பணியிழந்த குஜராத் மின்வாரிய ஊழியரின் வழக்கில், முதலில் பணியில் சேர்க, முறையீட்டைப் பின்னர் வைத்துக்கொள்க என்ற நெறியை வகுத்தது. 1990-இல் பீகார் ஆசிரியைகள் தொடர்பான ஷில்பி போஸ் வழக்கு, கட்டாய விதிமீறலோ தீய நோக்கமோ இல்லாவிடில் நீதிமன்றம் தலையிடலாகாது என்றது. 1993-இல், ஷில்லாங்கிலிருந்து பௌரிக்கு மாற்றப்பட்ட தாவரவியல் மதிப்பாய்வுத் துறை ஊழியர் அப்பாஸின் வழக்கில், கணவன் மனைவியரை ஓரிடத்தில் அமர்த்தும் வழிகாட்டுநெறி சட்டப்படி வலியுறுத்தத்தக்க உரிமையாகாது என முடிவாயிற்று. மைய நிருவாகத் தீர்ப்பாயம் மேல்முறையீட்டு அதிகாரி போல இயங்கக்கூடாது என்றும் அத்தீர்ப்பு எல்லை வகுத்தது.

கதவு முழுவதும் மூடிவிடவில்லை. 2008 டிசம்பரில் சோமேஷ் திவாரி வழக்கில், விசாரணையில் பொய்யெனத் தெரிந்த பெயரில்லாப் புகார் ஒன்றின் அடிப்படையில் நிகழ்ந்த மாறுதல், தண்டனைக்கு மாற்றாகக் கையாளப்பட்டது எனக் கூறி உச்ச நீதிமன்றம் அதனை நீக்கியது. 2020-இல், முறைகேடுகளையும் தமக்கு நேர்ந்த தொல்லையையும் எடுத்துரைத்த பொதுத்துறை வங்கிப் பெண் அதிகாரி ஒருவர், இந்தூரிலிருந்து தம் நிலைக்குக் கீழான அலுவலருக்குரிய கிளைக்கு அனுப்பப்பட்டதைப் பழிவாங்கல் என்றே கண்டது. 2022-இல், சுங்கத்துறை ஊழியர்களின் மண்டலமாற்றக் கொள்கையை ஏற்றபோதும், பெண்கள், மாற்றுத்திறனாளிகள், குடும்ப வாழ்வு ஆகியவற்றைக் கருதி அதனை மறுபரிசீலனை செய்யப் பணித்தது.

இவ்வழக்குகளை அடுத்தடுத்து வாசிக்கையில், மொழியியல் மாணவனான எனக்கு ஒன்று புலனாகிறது. ‘மாற்றப்படுகிறார்’ என்ற செயப்பாட்டு வினையில் மாற்றியவர் யார், ஏன் என்பன மறைந்துவிடுகின்றன. ஆணை மறைத்த எழுவாயை ஊழியர் தேடிக் கண்டுபிடித்து மெய்ப்பிக்க வேண்டியிருக்கிறது. அதுவும் புதிய ஊரில் பணியில் சேர்ந்த பிறகு. வழக்கு முடிவதற்குள் பிள்ளையின் பள்ளி ஆண்டே முடிந்துவிடக்கூடும். 2013-இல் டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்கு, குடிமைப்பணி அலுவலர்கள் வாய்மொழி ஆணைகளைச் சார்ந்திருக்கலாகாது என்றும், அவர்களுக்குக் குறைந்தபட்சப் பணிக்காலம் வேண்டும் என்றும் கூறியது. எழுத்தில் ஆணை வேண்டும் என்ற அந்த நெறியின் இயல்பான அடுத்த படி, காரணமும் எழுத்தில் வேண்டும் என்பதே. கடைநிலை எழுத்தருக்கும் மின்வாரியத் தொழிலாளிக்கும் அப்படி ஒரு வரி கிடைக்குமாயின், அவர்களுள் பலர் நீதிமன்றப் படியேற வேண்டியிராது.