சராசரியில் சிக்காத ரயில்

2016 ஜனவரியில் உலகம் முழுக்க ஒரு கதை சுற்றியது. வாட்ஸப்பில் உங்களுக்கும் வந்திருக்கலாம். ஜப்பானின் வடக்குத் தீவான ஹொக்கைடோவில் ஒரே ஒரு பள்ளி மாணவிக்காக ஒரு ரயில் நிலையத்தை மூடாமல் வைத்திருக்கிறார்களாம். அவள் படிப்பு முடிந்ததும் மூடிவிடுவார்களாம். பனி, ஆளில்லாத பிளாட்பாரம், குட்டி ரயில். ஃபார்வர்ட் பண்ணாமல் இருக்க முடியாத கதை.

கதையில் பாதிதான் உண்மை. மாணவி உண்டு. அவள் ஏறிய நிலையம் கியூ-ஷிராதகி. செய்தியில் போட்டதோ அதே தடத்திலுள்ள வேறொரு நிலையத்தின் பெயர். ரயிலும் அவளுக்காக மட்டும் ஓடவில்லை, மற்ற ஊர்க்காரர்களுக்கும் அதே வண்டிதான். பயணிகள் அற்றுப்போனதால் அந்த வட்டாரத்தில் மூன்று நிலையங்களை 2016 மார்ச் 26 அன்று சேர்த்தே மூடினார்கள். ஜப்பானில் ரயில் கால அட்டவணை மாறுவதும் மார்ச்சில், பள்ளி ஆண்டு முடிவதும் மார்ச்சில்.

எனக்கு அந்தக் கதையைவிட அதற்குப் பின்னால் இருக்கும் கணக்கில்தான் ஆர்வம். எத்தனை பேர் ஏறினால் ஒரு ரயில் ஓடலாம்? இந்தக் கேள்வியோடு ஜப்பான் அரை நூற்றாண்டுக்கு மேலாக மல்லுக்கட்டுகிறது. அதன் நடுவில் நிற்பது ஒரு டீசல் பெட்டி.

அதன் பக்கவாட்டில் 'கிஹா' என்று எழுதியிருக்கும். 'கி' என்றால் டீசலில் தானே ஓடும் பெட்டி. 'ஹா' என்பது மூன்றாம் வகுப்பு. ஜப்பானியர்கள் பழைய வழக்கப்படி இ, ரோ, ஹா என்று எழுத்துகளை எண்ணுவார்கள். நம்ம அ, ஆ, இ மாதிரி. 1960-இல் மூன்று வகுப்புகளை இரண்டாக்கினார்கள், 1969-இல் வகுப்பு என்ற பேச்சையே எடுத்துவிட்டார்கள். 'ஹா' மட்டும் போகவில்லை. பழைய கோடில் ஒரு வேரியபிளின் அர்த்தம் மாறிய பிறகும் பெயரை மாற்றத் துணிய மாட்டோம் இல்லையா, அது மாதிரி.

ஆரம்ப கால டீசல் பெட்டிகளில் பஸ் போலவே கிளட்ச்சும் கியரும் இருந்தன. இரண்டு பெட்டியை இணைத்தால் இரண்டிலும் ஓட்டுநர் வேண்டும். ஒருவருக்கொருவர் சைகை கொடுத்து கியர் மாற்ற வேண்டும். 1953 முதல் எண்ணெயின் சுழற்சி வழியாகச் சக்கரத்துக்கு விசை கடத்தும் பெட்டிகள் பெருமளவில் வந்தன. ஒரே ஓட்டுநர் முன்னால் உட்கார்ந்து எல்லாப் பெட்டிகளின் இன்ஜினையும் இயக்கலாம். இரண்டு முனையிலும் ஓட்டுநர் அறை உள்ள பெட்டி என்றால் கடைசி நிலையத்தில் இன்ஜினைக் கழற்றி மாட்டும் வேலையும் இல்லை. ஓட்டுநர் மறுமுனைக்கு நடந்துபோனால் போதும். அந்த ஒரு பெட்டியே முழு ரயில்.

மின்கம்பி போடக் கட்டுப்படியாகாத கிளைத் தடங்களில் நீராவியை ஒழித்தது இதுதான். 1975 டிசம்பர் 14-ஆம் தேதி நீராவி இழுத்த கடைசிப் பயணிகள் ரயில் ஹொக்கைடோவில் ஓடி முடிந்தது. 1977-இலிருந்து 1982 வரை 'கிஹா 40' குடும்பத்தில் 888 பெட்டிகள் கட்டினார்கள். 220 குதிரைத்திறன்தான், உடம்போ கனம். மேட்டில் முனகிக்கொண்டே ஏறும்.

இவ்வளவு பெட்டிகள் வந்துகொண்டிருந்தபோதே அவை ஓட வேண்டிய தடங்களுக்கு நாள் குறிக்கப்பட்டது. தேசிய ரயில்வே கடனில் மூழ்கியிருந்தது. 1980-இல் ஒரு சட்டம் வந்தது. ஒரு கிலோமீட்டருக்கு ஒரு நாளில் சராசரியாக 4,000 பேருக்குக் குறைவாகப் பயணித்தால் அந்தத் தடத்தை ரயில்வே கைகழுவலாம்.

சர்வர்களோடு மாரடிப்பவன் என்பதால் சராசரி என்றாலே எனக்குச் சந்தேகம். நாள் முழுக்கக் கூட்டிப் பார்த்தால் சர்வர் சும்மா கிடப்பதாகத் தெரியும்; காலை ஒன்பது மணிக்கு மூச்சுத் திணறிக்கொண்டிருக்கும். கிராமத்து ரயிலும் அப்படித்தான். ஜப்பானில் 18 வயதுக்கு முன் கார் ஓட்ட உரிமம் கிடையாது. மேல்நிலைப் பள்ளியோ பக்கத்து டவுனில். காலை வண்டியில் சீருடைக் கூட்டம், பகலில் நாலைந்து கிழவர்கள்.

சட்டத்தை எழுதியவர்களுக்கும் இது தெரிந்திருந்தது. விதிவிலக்குகள் வைத்தார்கள். நெரிசல் நேரத்தில் ஒரு திசையில் மணிக்கு 1,000 பேர் போனால் தடம் பிழைக்கும். பக்கத்தில் ஒழுங்கான சாலை இல்லையென்றாலும் பிழைக்கும். அந்தச் சாலையைப் பனி ஆண்டுக்குப் பத்து நாளுக்கு மேல் அடைத்தாலும் பிழைக்கும். அரசாங்க மொழியில் இதைவிட ஈரமான வரியை நான் அதிகம் பார்த்ததில்லை.

அப்படியும் 83 தடங்கள் பட்டியலில் விழுந்தன. 45 தடங்களில் பஸ் வந்தது. 38 தடங்கள் வேறு கைக்கு மாறின. பெரும்பாலும் உள்ளூர் அரசும் தனியாரும் சேர்ந்து நடத்தும் கம்பெனிகள். விதிவிலக்கால் பிழைத்தவற்றில் ஒன்று, மேற்கு ஜப்பானில் ஆற்றோரமாகப் போகும் 108 கிலோமீட்டர் சான்கோ தடம். சாலை சரியில்லை என்பதால் விட்டுவைத்தார்கள். பிறகு சாலை மேம்பட்டது, ஊர் காலியானது. நாளொன்றுக்கான அந்தச் சராசரி இரண்டு இலக்கத்துக்கு இறங்கி, 2018 மார்ச் 31-ஆம் தேதியோடு தடம் முடிந்தது. கடைசி நாட்களில் வழியனுப்ப வந்த கூட்டத்தில் வண்டி பிதுங்கியது.

இதற்கு நேர் எதிரான உதாரணம் சான்ரிகு ரயில்வே. கைகழுவப்பட்ட மூன்று தடங்களை எடுத்துக்கொண்டு 1984 ஏப்ரலில் வடகிழக்குக் கடலோரத்தில் தொடங்கிய கம்பெனி. 2011 மார்ச் 11 சுனாமி அதன் பாலங்களையும் நிலையங்களையும் அடித்துப்போனது. மியாகோவில் அலுவலகத்துக்கு மின்சாரம் இல்லை. நிலையத்தில் நின்ற டீசல் பெட்டியின் இன்ஜினை ஓடவிட்டு, அந்த வெளிச்சத்திலும் வெதுவெதுப்பிலும் உட்கார்ந்து வேலை பார்த்தார்கள். ஐந்தே நாளில், மார்ச் 16 அன்று, குஜியிலிருந்து ரிகுசூ-நோடா வரை ரயில் விட்டார்கள். மின்கம்பியை நம்பி ஓடும் ரயில் மின்சாரத்துக்காகக் காத்திருக்க வேண்டும். இதற்கு டீசலும் தண்டவாளமும் போதும். 2014 ஏப்ரலில் முழுத் தடமும் திரும்பி வந்தது. 1980-இன் கணக்கில் இந்த ரயிலுக்கு மதிப்பே கிடையாது.

எல்லாத் தடத்தையும் காப்பாற்றியே ஆக வேண்டும் என்று நான் சொல்ல வரவில்லை. ஹிரோஷிமா பக்கம் கெய்பி தடத்தில் தோஜோ முதல் பிங்கோ-ஒச்சியாய் வரையிலான பகுதிக்கு 2019-இல் அந்தச் சராசரி 11. அங்கே 100 யென் சம்பாதிக்க 25,000 யென்னுக்கு மேல் செலவு. ஒரு நாளைக்குப் போகவர மூன்றே தடவை. மூன்று தடவை மட்டும் ஓடினால் யார் நம்பி ஏறுவார்கள், யாரும் ஏறாவிட்டால் எப்படி நான்காவது தடவை ஓட்டுவது? 2024 மார்ச் முதல் அரசும் ரயில்வேயும் உள்ளூர் நிர்வாகங்களும் இந்தப் பகுதியையும் இதை ஒட்டிய பகுதியையும் பற்றிப் பேச ஒரு மேசையில் உட்கார்ந்திருக்கின்றன.

அந்த மேசையில் 11 என்ற எண் கட்டாயம் இருக்கும். இருக்கட்டும். பணம் யார் தருவது என்று பேச எண் வேண்டும்தான். ஆனால் 1980-இல் பனிக்கான பத்து நாளையும் எழுதி வைத்த அந்த அதிகாரி மாதிரி ஒருவரும் அங்கே இருந்தால் நன்றாயிருக்கும்.