ஜன்னலில் மாட்டிய அட்டை

தெற்கு வேல்ஸின் நிலக்கரிப் பள்ளத்தாக்குகளைப் பார்த்தாயிற்று. இந்த வாரம் வடக்கே, பெதஸ்தாவுக்குப் போவோம். பைபிளில் வரும் குளத்தின் பெயரைத் தாங்கி 1820-ல் இங்கே ஓர் ஆலயம் எழும்பியது. அதைச் சுற்றி வளர்ந்த ஊருக்கும் அதுவே பெயராயிற்று. ஊருக்குச் சோறு போட்டது பென்ரின் சிலேட்டுக் குவாரி. குவாரியின் முதலாளி பென்ரின் பிரபு. அவர் குடும்பத்தின் செல்வம் ஜமைக்கா கரும்புத் தோட்டங்களில் அடிமைகள் சிந்திய வியர்வையில் சேர்ந்தது.

தொழிலாளி தொடையில் சங்கிலியைச் சுற்றிக்கொண்டு செங்குத்துப் பாறையில் தொங்கியபடி வெடிக்குத் துளை போடுவான். ஒவ்வொரு குழுவும் தன் பங்குப் பாறையின் தரத்தைப் பார்த்து, மாதாமாதம் மேற்பார்வையாளரிடம் கூலி பேசிக்கொள்ளும். 'பார்கன்' எனப்பட்ட இந்தப் பேரத்தைத் தங்கள் தன்மானமாகவே அவர்கள் கருதினார்கள். நிர்வாகமோ வேலையை ஒப்பந்தக்காரர்களிடம் ஒப்படைக்கத் தொடங்கியது. குவாரிக்குள் சங்கச் சந்தா வசூலிக்கவும் தடை போட்டது. 1900 நவம்பர் 22 அன்று 2,000-க்கும் மேற்பட்டோர் வேலையை விட்டு வெளியேறினார்கள்.

1901 ஜூனில் குவாரி மீண்டும் திறந்தது. சுமார் 400 பேர் வேலைக்குத் திரும்பினார்கள். ஆளுக்கு ஒரு சவரன் பரிசு! அதன்பிறகு ஊரின் ஜன்னல்களில் அச்சடித்த அட்டைகள் முளைத்தன: 'இந்த வீட்டில் துரோகி இல்லை.' இரண்டாண்டுக்கு மேல் அவை அங்கேயே இருந்தன. ஒரு வீட்டு ஜன்னலிலிருந்து அட்டை காணாமல் போனால், அந்த வீட்டுக்காரன் கருங்காலியாகிவிட்டான் என்று தெரு முழுக்கத் தெரிந்துவிடும். ஒரே ஆலயத்தில் பாடியவர்கள் பிரிந்தார்கள், உறவுகள் முறிந்தன. ஊருக்குள் ராணுவமும் வந்து இறங்கியது.

பட்டினியைச் சமாளிக்க ஊரின் பாடகர் குழுக்கள் இங்கிலாந்தின் நகரங்களில் பாடி நிதி திரட்டின. அதில் பெண்கள் குழுவும் ஒன்று. ஆண்கள் பலர் சென்ற வாரம் நாம் பார்த்த அதே தெற்கத்திச் சுரங்கங்களுக்குப் பிழைக்கப் போனார்கள்.

1903 நவம்பரில் போராட்டம் தோற்றது. கேட்டது எதுவும் கிடைக்கவில்லை. முன்னின்று நடத்திய பலருக்கு மறுபடி வேலையும் இல்லை. பிள்ளைகளின் பசி பார்த்து வேலைக்குத் திரும்பியவர்களைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. தொழிலாளர் சங்கத்தோடு பேசவே மாட்டேன் என்று அடம்பிடித்த பிரபுவின் மேல்தான் இந்தப் பிளவின் பழி விழ வேண்டும்.

கசப்பு தலைமுறைகளைத் தாண்டியது. பெதஸ்தாக்காரர்கள் பலர் பென்ரின் கோட்டைக்குள் காலடி வைக்கவே மறுத்தார்கள். அந்தக் கோட்டை 1951 முதல் தேசிய அறக்கட்டளையின் பொறுப்பில் இருக்கிறது. வடமேற்கு வேல்ஸின் சிலேட்டு நிலப்பரப்பை 2021-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. அந்தப் பக்கம் போகிற வாய்ப்புக் கிடைப்பவர்கள் கோட்டையை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள். சில மைல் தள்ளியிருக்கும் பெதஸ்தாவின் கடைவீதியிலும் ஒரு நடை நடந்துவிட்டு வாருங்கள்.