பேராதனைப் பூந்தோட்டமும் மலையகத்தின் வரலாறும்

கண்டி மாநகரிலிருந்து கொழும்புக்குச் செல்லும் பெருந்தெருவில் ஏறக்குறைய 6 கிலோமீற்றர் தொலைவில், மகாவலி கங்கை வளைந்து செல்லும் திருப்பமொன்றினுள்ளே பேராதனைப் பூந்தோட்டம் அமைந்துள்ளது. 147 ஏக்கர் பரப்புடைய இத்தோட்டத்தை ஆறு அரண்போற் சூழ்ந்து நிற்கின்றது. இங்கு வருவோருட் பெரும்பாலார் மலர்களைக் கண்டு மகிழ்ந்து, புற்றரையில் அமர்ந்து உண்டு, மாலையில் வீடு திரும்புவர். அஃது அவர்க்குப் போதுமானதே. ஆயின் வரலாறு பயில்வோர் இதனை ஓர் ஏடாகக் கருதிப் படித்தல் வேண்டும். மலையகத்தின் கடந்த இருநூறு ஆண்டு வரலாற்றுக்கு இத்தோட்டமே முதற்பக்கம் எனின் அது மிகையாகாது.

சென்ற ஆண்டு எம் வகுப்பு மாணவரை இங்கு அழைத்துச் சென்றபோது புதியதொரு முறையைக் கைக்கொண்டேன். முப்பதின்மேற்பட்ட மாணவருக்கு ஒருவர் முன்னின்று உரத்த குரலில் விளக்கங்கூறின், பின்வரிசையில் நிற்போருக்கு எதுவும் கேளாது. பெரு நகரங்களிலுள்ள பூங்காக்களிலும் அரும்பொருட்காட்சிச்சாலைகளிலும் வழிகாட்டியின் துணையின்றித் திறன்பேசியில் ஒலிக்கும் குரலைக் கேட்டுக்கொண்டே தாமாகச் சுற்றிப் பார்க்கும் வழக்கம் இன்று பரவியுள்ளது. அதனைப் பின்பற்றி, எட்டுத் தரிப்பிடங்களுக்குரிய எட்டுச் சிற்றுரைகளை என் குரலிற் பதிவுசெய்து, இலக்கமிட்டு, முதல் நாளிரவே மாணவரின் கைப்பேசிகளுக்கு அனுப்பிவைத்தேன். கைப்பேசி இல்லாதார் தோழரோடு இணைந்து கேட்டனர். விரைந்து நடப்போர் முன்னே சென்றனர். மெல்ல நடப்போர் ஒன்றையே இருமுறை கேட்டனர். முறை நன்று என்றே எண்ணினேன். அதன் குறைபாட்டைப் பின்னர் ஒரு மாணவனே எனக்கு உணர்த்தினான். அதனைக் கூறுமுன், அவ்வுரைகளிற் சொல்லப்பட்டவற்றின் சாரத்தை ஈண்டுத் தருதல் பொருந்தும்.

பேராதனையின் வரலாற்றை 1371ஆம் ஆண்டளவிலிருந்து தொடங்கிக் கூறுவது மரபு. அக்காலத்தில் மூன்றாம் விக்கிரமபாகு மன்னன் மகாவலிக் கரையிலுள்ள இவ்விடத்தில் அவை கூட்டியிருந்தான் என்பர். கண்டியைக் கீர்த்தி சிறீ இராசசிங்கன் ஆண்ட 1747 முதல் 1782 வரையான காலத்தில் இஃது அரச குடும்பத்துக்குரிய பூங்காவாயிற்று. அவனுக்குப் பின்வந்த இராசாதிராசசிங்கனும் இங்கு உறைந்தான். இவ்விருவரும் தென்னிந்திய நாயக்கர் வழியினர் என்பது கருதத்தக்கது. 1815இல் கண்டி இராச்சியம் பிரித்தானியர் வசமாயிற்று. இறுதி மன்னன் சிறீ விக்கிரம இராசசிங்கன் வேலூருக்குக் கொண்டுசெல்லப்பட்டு, 1832இல் அங்கேயே உயிர் நீத்தான். அரசனை இழந்த அரச பூங்கா, புதிய ஆட்சியாளரின் நோக்கத்துக்கேற்ப உருமாறலாயிற்று.

அந்நோக்கம் யாது? அழகு மட்டுமன்று. பிரித்தானியர் தாவரவியற் பூங்கா ஒன்றனைக் கொழும்பின் கொம்பனித்தெருவிலே தொடங்கி, 1813இற் களுத்துறைக்கு மாற்றியிருந்தனர். அதனை 1821இல் அலெக்சாந்தர் மூன் என்பார் பேராதனைக்குக் கொணர்ந்தார். தொடக்கத்தில் தோட்டத்தின் தென்மேற்குப் பகுதி மாத்திரமே திருத்தப்பட்டது. அங்கு நடப்பட்டவற்றுட் கறுவாவும் கோப்பியும் முதன்மையானவை. பூவுக்கு முன் பொருள் வந்தது என்பது இதனாற் புலனாகும். 1824இல் மூன் வெளியிட்ட பட்டியலில் இந்நாட்டுச் செடிகளும் வெளிநாட்டுச் செடிகளும் முறையாகப் பெயரிடப்பட்டன. அவ்வாண்டிலேயே சீனத்துத் தேயிலைச் செடியும் இங்குக் கொண்டுவரப்பட்டது என்பர். 1839இல் அசாமியத் தேயிலை விதைகள் கல்கத்தாவிலிருந்து வந்தன. எனினும் ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் தேயிலை ஒரு காட்சிப்பொருளாகவே இருந்தது. நாட்டை ஆண்டது கோப்பியே.

1849 முதல் 1880 வரை தோட்டத்தின் பொறுப்பை ஏற்றிருந்த துவெயிற்சு என்பார் காலத்திற் பெரியதோர் இடர் நேர்ந்தது. 1869இற் கோப்பி இலைகளின் அடிப்புறத்தில் மஞ்சள் நிறப் பொடி போன்ற பூஞ்சணம் தோன்றியது. மாதிரிகள் இங்கிலாந்துக்கு அனுப்பப்பட்டன. அறிஞர் அதற்கொரு பெயரும் இட்டனர். பெயரிட்டதனால் நோய் நிற்கவில்லை. 1880இல் இங்கு வந்து ஆராய்ந்த மார்சல் வார்டு என்னும் இளம் அறிஞர், நோயின் வித்துக்கள் காற்றினாற் பரவுவதனைக் காட்டினார். இடைவெளியின்றி மலை மலையாக ஒரே பயிரை நட்டமையே நோய்க்கு வாய்ப்பளித்தது என்பது அவ்வாராய்ச்சி புகட்டிய பாடம். அது காலங்கடந்த பாடம். அடுத்த சில ஆண்டுகளிற் கோப்பித் தொழில் அழிந்தது.

ஒரு பயிர் அழியுங்கால் மற்றொன்றனைத் தரவல்ல நாற்றுமேடையாகப் பேராதனை விளங்கிற்று. காய்ச்சலுக்கு மருந்தாகும் கொயினாவைத் தரும் சிங்கோனா மரத்தை வளர்ப்பதற்கென 1861இல் நுவரெலியாவை அடுத்த ஹக்கலவிற் கிளைத்தோட்டம் அமைக்கப்பட்டது. பிரேசிலிலிருந்து விக்காம் என்பார் கொணர்ந்த விதைகளிலிருந்து கியூ தோட்டத்தில் முளைத்த இறப்பர்க் கன்றுகள், 1876இற் கம்பகாவை அடுத்த ஹெனரத்கொடைக்கு வந்துசேர்ந்தன. இவற்றினும் மேலாகத் தேயிலை வென்றது. 1867இல் ஜேம்சு டெயிலர் என்னும் இசுக்கொத்துலாந்தியர் கண்டிக்குத் தென்கிழக்கேயுள்ள லூல்கந்துரைத் தோட்டத்தில் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்டார். 1873இல் இலண்டனுக்குச் சென்ற முதற் பொதியின் நிறை 23 இறாத்தல் மட்டுமே. அந்நூற்றாண்டு முடிவதற்குள் மலைச்சரிவுகள் யாவும் தேயிலையாற் பசுமை பூண்டன.

இவற்றையெல்லாம் என் பதிவுகள் கூறின. மாணவர் கேட்டவாறே நடந்தனர். மூங்கிற் புதர்களின் கீழே நின்று, மியன்மார் நாட்டு இராட்சத மூங்கிலின் முளை ஒரு நாளில் ஓர் அடிவரை வளரும் என்பதைக் கேட்டு வியந்தனர். சீசெல்சுத் தீவின் இரட்டைத் தேங்காயைக் கண்டு நகைத்தனர். பனைமர வீதியை அடைந்ததும், யாழ்ப்பாணத்து உறவினர் வீட்டு முற்றத்தை நினைவுகூர்ந்தான் ஒருவன். மரங்களிலே தலைகீழாகத் தொங்கிய வௌவால்கள் எழுப்பிய ஓசைக்காகச் சிலர் காதுக்கருவியைக் கழற்றிவிட்டனர். அதனை நான் குறையாகக் கொள்ளவில்லை.

எட்டாம் தரிப்பிடம் நினைவு மரங்கள் நிற்கும் பகுதி. 1875இல் வேல்சு இளவரசர் நட்ட அரசு, 1891இல் பின்னர் உருசியப் பேரரசரான நிக்கலசு நட்ட நாகமரம், 1901இல் பின்னர் ஐந்தாம் ஜோர்ஜ் ஆன இளவரசரும் அவர் துணைவியாரும் நட்ட நாகலிங்க மரம், 1961இல் விண்வெளி வீரர் யூரி ககாரின் நட்ட மரம் என ஒவ்வொன்றின் அருகிலும் பெயரும் ஆண்டும் பொறித்த பலகை உண்டு. இரண்டாம் உலகப்போரில், 1944இல், மவுண்ட்பேற்றன் பிரபுவின் தென்கிழக்காசியப் படைத்தலைமையகம் இத்தோட்டத்தில் இயங்கிய செய்தியுடன் என் உரை முடிவுற்றது.

அப்பொழுது தோட்டப்பகுதியொன்றிலிருந்து எம் பாடசாலைக்கு வரும் மாணவனொருவன் என்னை அணுகி, “எங்க ஆளுங்க நட்ட மரம் எது, சேர்?” என்று கேட்டான். அவன் குறும்பாகக் கேட்கவில்லை. பலகைகளைப் படித்து வந்தமையாற் கேட்டான். எட்டு உரைகளிலும் ஓரிடத்தேனும் தோட்டத்தொழிலாளரைப் பற்றி நான் கூறவில்லை என்பது அப்போதுதான் என் நினைவுக்கு வந்தது. பதிவுசெய்த குரலிடம் எவரும் வினா எழுப்ப இயலாது. அக்குரல் விட்டவற்றை மரங்களும் சொல்லா. பலகைகளையும் நூல்களையும் பார்த்து நான் எழுதிய உரை, அவை விட்ட இடத்தையே தானும் விட்டிருந்தது.

வீடு திரும்பியபின் ஒன்பதாம் உரையைப் பதிவுசெய்தேன். அதற்குரிய தரிப்பிடம் மகாவலிக் கரையாகும். அங்கிருந்து அக்கரையிற் கன்னொருவை தெரியும். கொழும்பு - கண்டிப் பெருந்தெருவை அமைப்பித்த தேசாதிபதி எட்வேட் பார்ன்சு 1825இற் கோப்பித் தோட்டம் தொடங்கிய இடம் அதுவே. கோப்பி பெருகியபோது மலைக்காடுகள் அழிக்கப்பட்டன. 1840ஆம் ஆண்டின் கட்டளைச்சட்டம் உரிமைப்பத்திரம் காட்ட இயலாத நிலங்களை முடிக்குரியனவாகக் கொண்டமையாற் கண்டிக் கிராமத்தவர் இழந்தவை பல. அந்நிலங்களிற் பணிபுரியத் தமிழகத்துச் சிற்றூர்களிலிருந்து மக்கள் கங்காணிமாரால் அழைத்துவரப்பட்டனர். பஞ்சமும் கடனும் அவர்களைத் துரத்தின. தோணியிலே மன்னார்க் கரையில் இறங்கி, மதவாச்சி, தம்புள்ளை வழியாக மாத்தளை வரை காட்டுவழியே நடந்தனர். வாந்திபேதியாலும் காய்ச்சலாலும் வழியில் வீழ்ந்தோர் பலர். கோப்பி அழிந்தபோது அவர்களுட் பலர் ஊர் திரும்பினர். தேயிலை வளர்ந்தபோது முன்னிலும் பெருந்தொகையினர் வந்து, ஆண்டு முழுவதும் கொழுந்து பறிக்கவேண்டிய அத்தொழிலோடு லயன்களில் நிலைபெற்றனர்.

ஈண்டு ஓர் ஒப்புமை நோக்கற்பாலது. இத்தோட்டத்துக்கு வந்த செடிக்குப் பெயர் உண்டு. எந்நாட்டிலிருந்து எப்போது வந்தது என்னும் குறிப்பு உண்டு. நடந்து வந்த மனிதருக்கு அத்தகைய குறிப்பு அரிது. அவர்கள் தலை எண்ணிக்கையாகவே கொள்ளப்பட்டனர். இக்குறை பின்னர் அவர்தம் பேரர்களைத் தாக்கிற்று. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டப்படி, இலங்கையிற் பிறந்த ஒருவரும் தம் தந்தை இங்குப் பிறந்தவர் என்றோ, தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இங்குப் பிறந்தவர் என்றோ நிறுவவேண்டியிருந்தது. லயனறையிற் பிறந்த தந்தையின் பிறப்புக்குப் பத்திரம் எங்கே தேடுவது? பல இலட்சம் மக்கள் நாடற்றோராயினர். 1964இன் சிறிமா - சாத்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கும் 300,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்கிட்டது. எஞ்சிய 150,000 பேரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பிரித்துக்கொள்ள இணங்கின. நாடற்றோராய் எஞ்சியிருந்தோர்க்கு 2003ஆம் ஆண்டின் சட்டமே பிரசாவுரிமை வழங்கிற்று. சீனத்திலிருந்தும் அசாமிலிருந்தும் வந்த தேயிலைக்கோ ‘சிலோன் தேயிலை’ என இந்நாட்டின் பெயரே உரியதாகி நெடுங்காலமாயிற்று.

பூந்தோட்டத்தின் மீது குறை கூறுதல் என் கருத்தன்று. அறிவுலகுக்கு இஃது ஆற்றிய தொண்டு பெரிது. ஹரமானிசு டி அல்விசு என்னும் இந்நாட்டு ஓவியர் பல்லாண்டுகள் இங்கிருந்து வரைந்த செடியோவியங்கள் அறிஞர் போற்றும் செல்வமாகும். அவர் பெயர் நிலைத்தமை, சுதேசிகளின் உழைப்பையும் பதிவேட்டிற் பொறிக்க இயலும் என்பதற்குச் சான்று. பொறிக்கப்படாதவற்றைத் தேடிச் சேர்ப்பது பின்வந்தோர் கடன்.

ஆதலின் மாணவர்க்கு ஒன்று கூறுவேன். பேராதனைக்குச் செல்லுங்கால் உங்கள் கைப்பேசியைக் கேட்பதற்கு மட்டுமன்றிப் பதிவுசெய்வதற்கும் பயன்படுத்துங்கள். உங்கள் வீட்டிலே பாட்டியார் இருப்பின், அவர்தம் பாட்டனார் எவ்வூரிலிருந்து எவ்வழியாக வந்தார் எனக் கேட்டு அவர் குரலையே பதிவுசெய்யுங்கள். அடுத்த முறை நாம் செல்லும்போது ஒன்பதாம் தரிப்பிடத்தில் என் குரலுக்குப் பதிலாக அக்குரல் ஒலிக்கட்டும்.

அம்மாணவனின் வினாவுக்கு அன்று நான் விடை கூறவில்லை. மறுநாள் வகுப்பிற் கூறினேன்: “தம்பி, உன் முன்னோர் நட்ட மரம் எதற்கும் இங்கே பலகை இல்லை. வாயிலுக்கு வெளியே நின்று கிழக்கேயும் தெற்கேயும் உள்ள மலைகளைப் பார். அவற்றில் நிற்கும் தேயிலை அவர்கள் நட்டது.” அவன் சிறிது நேரம் சிந்தித்து, அந்த மலைகளுக்கும் ஒரு பலகை வைக்கலாமே என்றான். அவன் கூறியது முறையென்றே எனக்கும் தோன்றுகின்றது.