சம்பாதிக்காதவர் என்னும் சொல்
மும்பையின் கிழக்குப் பகுதி வாகனங்கள் வடாலா போக்குவரத்து அலுவலகத்தில் பதிவாகின்றன. மூன்றாம் தரப்பினருக்கான காப்பீட்டை அவற்றுக்குக் கட்டாயமாக்கியது 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம். ஆயினும் விபத்தில் ஊனமுறும் சிறுவரின் இழப்பை எதைக்கொண்டு அளப்பது? இழப்பீட்டுக் கணக்கு வருமானத்தின்மேல் எழுந்தது, சிறுவருக்கோ வருமானமில்லை. 1988ஆம் ஆண்டுச் சட்டத்தில் 1994இல் சேர்ந்த இரண்டாம் அட்டவணை, சம்பாதிக்காதவருக்கு ஆண்டுக்கு 15,000 ரூபாய் வருமானமெனக் கற்பித்துக்கொண்டது. 2013இல் உச்சநீதிமன்றம் அளவுகோலையே மாற்றியது. வலி, அதிர்ச்சி, இயல்பான இன்பங்களின் இழப்பு ஆகியவை முதன்மை பெற்றன. நிரந்தர ஊனம் 10 விழுக்காடு வரையெனில் 1 லட்சம். 90 விழுக்காட்டைக் கடந்தால் 6 லட்சம். மருத்துவச் செலவு தனி. தொகை போதுமா என்பது வேறு வினா. ஈட்டாத பணத்தால் அளக்கப்பட்ட சிறுவர், பட்ட துன்பத்தால் அளக்கப்படலானார் என்பதே அத்தீர்ப்பின் வரலாற்றுப் பொருள்.