விடை முன்னே, வினா பின்னே

இரவு உணவு முடிந்து குடும்பத்தார் அனைவரும் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் அமர்ந்திருக்கிறோம். அங்கே ஒருவர் பல இலட்சம் பெறுமானமுள்ள வினா ஒன்றின் முன் நெற்றி வியர்க்க வீற்றிருக்கிறார். விடை நமக்குத் தெரிந்திருந்தால், அவர் காதில் விழும் என்பதுபோல் உரக்கச் சொல்கிறோம். தெரியாவிடினோ அவரோடு சேர்ந்து நாமும் தவிக்கிறோம். அவர் வென்றுவிட்டால் நம் வீட்டுப் பிள்ளை தேர்வில் தேறியது போன்ற மகிழ்ச்சி! இவ்வளவு உணர்ச்சிக்கும் அடிப்படையாக இருப்பது ஒரு நம்பிக்கை. அந்த வினா அவருக்குப் புதிது, அதன் விடையை எவரும் அவருக்கு முன்கூட்டிச் சொல்லித் தரவில்லை என்று நாம் நம்புகிறோம்.

அந்த நம்பிக்கை ஒரு காலத்தில் விலை பேசப்பட்டது. தொலைக்காட்சிப் போட்டிகள் இன்று எத்தனையோ வடிவங்களில் பெருகிக் கிடக்கின்றன. அவற்றுள் சில ஏன் இவ்வாறு அமைந்தன என்று ஆராயப் புகுவோமாயின், 1950-களில் அமெரிக்காவில் நிகழ்ந்த ஒரு வீழ்ச்சியின் வாயிலில் வந்து நிற்போம். அவ்வரலாற்றை ஈண்டுக் காண்போம்.

வானொலியில் முளைத்த விதை

இப்போட்டிகளின் பிறப்பிடம் வானொலியே. 1936-இல் ‘புரொபசர் குவிஸ்’ என்னும் நிகழ்ச்சி அமெரிக்க வானொலியில் தொடங்கியது. 1938-இல் வந்த ‘இன்ஃபர்மேஷன் ப்ளீஸ்’ முறையையே தலைகீழாக்கியது. அதில் நேயர்கள் வினா அனுப்புவர். அறிஞர் குழு விடை சொல்லும். அறிஞர்களைத் திணறடித்த நேயருக்குப் பரிசு! 1940-இல் தோன்றிய ‘டேக் இட் ஆர் லீவ் இட்’ நிகழ்ச்சியோ ஒரு டாலரில் தொடங்கி, ஒவ்வொரு வினாவுக்கும் பரிசை இரட்டித்து, ஏழாம் வினாவில் 64 டாலரை எட்டியது. வென்றதை எடுத்துக்கொண்டு விலகுவதா, அனைத்தையும் பணயம் வைத்து மேலே செல்வதா என்ற அந்த ஊசலாட்டமே அதன் சுவை. ‘அறுபத்து நான்கு டாலர் வினா’ என்பது, விடை காண்பதற்கரிய கேள்வியைக் குறிக்கும் வழக்குத் தொடராகவே ஆங்கிலத்தில் நிலைத்துவிட்டது.

தொலைக்காட்சியில் முதன்முதல் இடம்பெற்ற போட்டி, 1938 மே மாதத்தில் பி.பி.சி. ஒளிபரப்பிய எழுத்துக்கூட்டும் போட்டி என்பர். அது வெறும் பதினைந்து நிமிட நிகழ்ச்சி. உலகப் போர் முடிந்து தொலைக்காட்சி வீடுதோறும் நுழையத் தொடங்கியதும், வடிவங்கள் பலவாயின. 1950-இல் தொடங்கிய ‘வாட்ஸ் மை லைன்?’ நிகழ்ச்சியில், வந்திருப்பவரின் தொழில் யாது என்பதை நால்வர் கேள்வி கேட்டே கண்டுபிடிக்க வேண்டும். பணப் பரிசு மிகச் சிறிது. உரையாடலின் நயமே அதனைப் பதினேழு ஆண்டுகள் வாழவைத்தது. அதே 1950-இல், நியூ மெக்சிக்கோ மாநிலத்து ‘ஹாட் ஸ்பிரிங்ஸ்’ என்னும் ஊர், ‘ட்ரூத் ஆர் கான்சிக்வென்சஸ்’ என்ற வானொலி நிகழ்ச்சியின் பெயரையே தன் பெயராகச் சூட்டிக்கொண்டது. இன்றும் அவ்வூருக்கு அதுவே பெயர். ஊர்ப் பெயரையே மாற்றவல்ல செல்வாக்கு அன்று இப்போட்டிகளுக்கு இருந்தது.

பரிசை வாரி வழங்கும் நிகழ்ச்சிகள் ஒருவகைப் பரிசுச்சீட்டே ஆகும் என்று கருதி, அமெரிக்க ஒலிபரப்பு ஆணையம் அவற்றைத் தடுக்க முனைந்தது. வழக்கு உச்சநீதிமன்றம் வரை சென்றது. கலந்துகொள்வோர் பணம் எதுவும் கட்டுவதில்லையாதலின் இது பரிசுச்சீட்டு ஆகாது என்று 1954-இல் தீர்ப்பு வந்தது. அணை உடைந்தது, பெரும்பணம் உள்ளே பாய்ந்தது.

கண்ணாடிக் கூண்டு

1955 ஜூன் மாதத்தில் ‘அறுபத்து நான்காயிரம் டாலர் வினா’ தொடங்கியது. பழைய 64 டாலரை ஆயிரம் மடங்காக்கிய நிகழ்ச்சி இது. பொருளுதவி செய்தது ‘ரெவ்லான்’ என்னும் ஒப்பனைப் பொருள் நிறுவனம். போட்டியாளர் வெளி ஓசை புகாத கண்ணாடிக் கூண்டினுள் நிற்பார். வங்கி அதிகாரி ஒருவர் வினாக்களைக் காத்துநிற்க, காவலர்கள் இருபுறமும் நிற்பர். நேர்மைக்கு இதனினும் பெரிய சான்று வேண்டுமோ என்று மக்கள் எண்ணினர். செருப்புத் தைக்கும் தொழிலாளி ஒருவர் இசைநாடகத்தைப் பற்றியும், மரைன் படை அதிகாரி ஒருவர் சமையற்கலையைப் பற்றியும், ஜாய்ஸ் பிரதர்ஸ் என்னும் உளவியல் அறிஞர் குத்துச்சண்டையைப் பற்றியும் விடையளித்ததைக் கண்டு நாடே வியந்தது. எளிய மனிதருள் இத்துணை அறிவா என்ற அந்த வியப்பில் குற்றம் ஏதுமில்லை.

அடுத்த ஆண்டு செப்டம்பரில் வேறொரு தொலைக்காட்சி நிறுவனம் ‘ட்வென்டி-ஒன்’ என்னும் போட்டியைத் தொடங்கியது. தனித்தனிக் கூண்டுகளில் இருவர். ஒன்று முதல் பதினொன்று வரை மதிப்பெண்ணைத் தாமே தேர்ந்து விடை கூறி, முதலில் இருபத்தொன்றை எட்டுபவர் வெல்வார். முதல் நிகழ்ச்சி நேர்மையாகவே நடந்தது. ஆனால் போட்டியாளர்கள் மாறி மாறித் தவறான விடைகளையே கூறினர். காண்போர்க்குச் சலிப்பு, பொருளுதவி செய்த மருந்து நிறுவனத்துக்குச் சினம். அதன்பின் தயாரிப்பாளர் டான் என்ரைட் ஒரு முடிவுக்கு வந்தார். அன்றிலிருந்து யார் எத்தனை மதிப்பெண் பெறுவது, எங்கே திணறுவது, எப்போது தோற்பது என யாவும் முன்கூட்டியே எழுதப்பட்டன.

ஹெர்பர்ட் ஸ்டெம்பல் என்பார் இராணுவத்தில் பணியாற்றித் திரும்பிக் கல்லூரியில் பயின்றுவந்தவர். இயல்பாகவே நினைவாற்றல் மிக்கவர். அவருக்குப் பொருந்தாத உடை அணிவித்து, முடியை ஒட்ட வெட்டச் செய்து, வியர்வையை எவ்வாறு ஒற்றி எடுக்க வேண்டும் என்பதையும் கற்பித்தனர். சில வாரங்கள் வெல்லவைத்தபின், இனித் தோற்கவேண்டும் என்றனர். 1956 டிசம்பர் 5 அன்று, முந்திய ஆண்டின் சிறந்த திரைப்படத்துக்கான ஆஸ்கர் விருது பெற்றது எது என்று அவரிடம் வினவப்பட்டது. விடை ‘மார்ட்டி’. அப்படத்தை அவர் விரும்பிப் பலமுறை பார்த்திருந்தார். தெரிந்த விடையை விழுங்கிவிட்டு, சொல்லச் சொன்ன தவறான விடையைச் சொன்னார். அறியாமையை நடிக்கும்படி ஓர் அறிவாளியைப் பணித்தல் எத்துணைக் கொடுமை! அந்த அவமானம் அவர் நெஞ்சில் ஆறாத வடுவாயிற்று.

ஆசிரியர் ஒருவரின் சறுக்கல்

அவரை வென்றவர் சார்லஸ் வான் டோரன். கொலம்பியா பல்கலைக்கழக ஆசிரியர். புலிட்சர் பரிசு பெற்ற கவிஞர் மார்க் வான் டோரனின் மைந்தர். அழகும் அடக்கமும் வாய்ந்த அவரை மக்கள் தம் வீட்டுப் பிள்ளையாகவே கொண்டாடினர். 1957 பிப்ரவரியில் ‘டைம்’ இதழின் அட்டையில் அவர் உருவம் இடம்பெற்றது. அவர் வென்ற தொகை 1,29,000 டாலர். பல்கலைக்கழக ஊதியத்தில் பல்லாண்டு உழைத்தாலும் அவர் ஈட்டியிருக்க இயலாத பொருள் அது. பின்னர் அந்நிறுவனத்தின் காலை நிகழ்ச்சியில் ஆண்டுக்கு 50,000 டாலர் ஊதியத்தில் பணியும் கிடைத்தது.

அவர் எவ்வாறு இதற்கு இசைந்தார்? பின்னாளில் அவரே அளித்த வாக்குமூலத்தில் இதற்கு விடை இருக்கிறது. ஸ்டெம்பலை எவராலும் வெல்ல முடியவில்லை, இது வெறும் கேளிக்கைதான், விடைகளைச் சொல்லிக் கொடுப்பது இத்துறையில் வழக்கமே என்று முதலில் சொல்லப்பட்டது. நேர்மையாகவே ஆடுகிறேன் என்று அவர் கேட்டார், அது மறுக்கப்பட்டது. பிறகு, ஒரு பேராசிரியர் தொலைக்காட்சியில் புகழ்பெற்றால் ஆசிரியர்களுக்கும் கல்விக்கும் எவ்வளவு பெருமை என்று ஆசை காட்டப்பட்டது. இவ்விடத்தில்தான் நாம் நின்று நிதானிக்க வேண்டும். வெறும் பணத்தை நீட்டியிருந்தால் அவர் விலகியிருக்கவும் கூடும். கல்விக்குத் தொண்டு என்ற போர்வையில் வந்தபோது பொய் அவர் கண்ணுக்குப் பொய்யாகத் தோன்றவில்லை. நல்ல நோக்கம் என்ற ஏணியைச் சாத்தியே பல தீமைகள் நல்லோர் வீட்டுக்குள் ஏறுகின்றன.

1958 ஆகஸ்டில் ‘டாட்டோ’ என்ற மற்றொரு போட்டி திடீரென நிறுத்தப்பட்டது. வெற்றி பெற்றுக்கொண்டிருந்த பெண்மணியின் குறிப்பேட்டில் விடைகள் எழுதப்பட்டிருப்பதை, தம் முறைக்காகக் காத்திருந்த வேறொரு போட்டியாளர் கண்டுவிட்டார். அதுவரை எவரும் நம்ப மறுத்த ஸ்டெம்பலின் முறையீடும் அப்போதுதான் செவியேறியது. நியூயார்க்கில் விசாரணை தொடங்கியது. ஏறத்தாழ நூற்றைம்பது சாட்சிகள் வந்தனர். அவர்களுள் பெரும்பான்மையோர் சத்தியம் செய்தபின்னும் பொய்யே கூறினர் என்பது அரசு வழக்கறிஞர் ஜோசப் ஸ்டோனின் கணிப்பு. ஆசிரியரும் வழக்கறிஞரும் இல்லத்தரசியரும் அவர்களுள் இருந்தனர். சிறு பொய் ஒன்றைக் காக்கப் பெரும்பொய்!

பொய்யை உடைத்தது ஒரு தபால் உறை. ஜேம்ஸ் ஸ்னாட்கிராஸ் என்னும் ஓவியர் ‘ட்வென்டி-ஒன்’ போட்டியில் கலந்துகொண்டவர். தமக்குச் சொல்லித்தரப்பட்ட வினாவிடைகளை எழுதி, ஒளிபரப்புக்கு முன்பே தமக்குத்தாமே பதிவுத் தபாலில் அனுப்பிவைத்திருந்தார். 1959-இல் நாடாளுமன்றக் குழுவின் முன் அவ்வுறை பிரிக்கப்பட்டது. தேதி முத்திரையோ ஒளிபரப்புக்கு முந்தியது. உள்ளே வினாக்களும் விடைகளும் அப்படியே இருந்தன. மேடையில் காவலரோடு காட்டப்பட்ட பாதுகாப்பெல்லாம் வேடிக்கையாய்ப் போக, சில காசுத் தபால்தலை ஒட்டிய உறையே உண்மையைக் காத்துவைத்திருந்தது. நவம்பர் 2 அன்று வான் டோரன் அக்குழுவின் முன் குற்றத்தை ஒப்புக்கொண்டார். பல்கலைக்கழகப் பணியும் தொலைக்காட்சிப் பணியும் ஒருங்கே பறிபோயின.

வியப்பென்னவெனில், போட்டியை இவ்வாறு பொய்யாக நடத்துவதைத் தடுக்கும் சட்டம் எதுவும் அன்று இல்லை. பொய்ச்சாட்சி சொன்னதற்காக மட்டுமே சிலர் தண்டிக்கப்பட்டனர். 1960-இல்தான், அறிவுப் போட்டியில் இரகசியமாக உதவி செய்து மக்களை ஏமாற்றுவது, 10,000 டாலர் வரை அபராதமோ ஓராண்டு வரை சிறையோ இரண்டுமோ விதிக்கத்தக்க குற்றமாக்கப்பட்டது.

வடுவிலிருந்து பிறந்த வடிவங்கள்

இதன்பின் பெரும்பரிசுப் போட்டிகள் சில காலம் மறைந்தன. அறிவை அளவிடாத வடிவங்களே முன்வந்தன. 1961-இன் ‘பாஸ்வேர்ட்’ சொற்குறிப்பு விளையாட்டு. ‘தி பிரைஸ் இஸ் ரைட்’ 1956-இல் தோன்றி 1972-இல் புத்துயிர் பெற்றது. கடைப் பொருளின் விலையை மிகாமல் மதிப்பிடுவதே அதில் திறமை. 1976-இல் வந்த ‘ஃபேமிலி ஃபியூட்’ நூறு பேரிடம் முன்னரே கேட்டு வைத்த கருத்தையே விடையாகக் கொண்டது. அதில் உண்மை எது என்பது பொருட்டன்று. ஊரார் எதைச் சொல்வர் என்று அறிந்தால் போதும்.

வினாவிடைப் போட்டிக்கு மறுவாழ்வு தந்தவர் ஓர் இல்லத்தரசி. மெர்வ் கிரிஃபின் என்னும் தொலைக்காட்சிக் கலைஞர், ஊழல் அம்பலமானபின் இனி வினாவிடைப் போட்டியை எவரும் ஏற்கமாட்டார் என்று விமானப் பயணத்தில் வருந்தினார். “விடையை முன்கூட்டிக் கொடுத்ததுதானே குற்றம்? அப்படியானால் விடையையே கொடுத்துவிட்டு வினாவைக் கேட்டால் என்ன?” என்ற பொருள்பட அவர் மனைவி ஜூலான் கூறினார். ‘5,280’ என்று அவர் சொல்ல, ‘ஒரு மைலுக்கு எத்தனை அடி?’ என்று கிரிஃபின் வினவினார். 1964-இல் ‘ஜியோபர்டி’ பிறந்தது. குற்றத்தையே விதியாக்கிக்கொண்ட அந்நிகழ்ச்சி இன்றும் நடந்துவருகிறது. வினா எழுதுவோர் போட்டியாளரோடு கலக்கலாகாது என்பது போன்ற கடும் விதிகள் இத்தகைய நிகழ்ச்சிகளுக்குப் பொதுவாயின.

பிரிட்டனில் 1972-இல் தொடங்கிய ‘மாஸ்டர்மைண்ட்’ வேறொரு துயரத்திலிருந்து பிறந்தது. அதனை உருவாக்கிய பில் ரைட் உலகப் போரில் ஜெர்மானியரிடம் கைதியாயிருந்தவர். பெயர், பதவி, எண் எனத் தம்மை அவர்கள் துருவி விசாரித்த நினைவே, இருண்ட அரங்கில் தனித்த கறுப்பு நாற்காலியாக உருக்கொண்டது. அதில் வெல்பவர்க்குப் பணமில்லை. கண்ணாடிக் கிண்ணம் ஒன்றே பரிசு. எனினும் அதனை நாடிவருவோர்க்குக் குறைவில்லை.

1984-இல் நடந்த வேறொன்றையும் குறிப்பிடாமல் இருக்க முடியாது. ‘பிரெஸ் யுவர் லக்’ என்னும் போட்டியில் ஒளி தாவித் தாவி ஓடும் பலகையைப் போட்டியாளர் நிறுத்தவேண்டும். எல்லாம் அதிர்ஷ்டம் என்றே கருதப்பட்டது. மைக்கேல் லார்சன் என்பவர் நிகழ்ச்சியைப் பதிவு செய்து, பொறுமையாகப் பார்த்துப் பார்த்து, ஒளி ஐந்தே ஒழுங்குகளில் ஓடுவதைக் கண்டறிந்து மனனம் செய்தார். 1,10,237 டாலர் வென்றார். விதி எதையும் அவர் மீறவில்லை எனக் கண்டு நிறுவனம் பணத்தைக் கொடுத்தது. இவரும் விடையை முன்பே அறிந்தவர்தான்; ஆனால் எவரும் இவருக்கு இரகசியமாகச் சொல்லித் தரவில்லை.

பெரும்பணம் மீண்டும் வந்தது 1998-இல். பிரிட்டனில் தொடங்கிய ‘ஹூ வான்ட்ஸ் டு பி எ மில்லியனர்?’ பதினைந்து வினாக்களில் பரிசைப் படிப்படியாக உயர்த்தியது. 1940-இன் அந்த 64 டாலர் ஏணியின் பேரப்பிள்ளை என்றே இதனைச் சொல்லலாம். நூறு நாடுகளுக்கு மேல் பரவிய அது 2000-இல் அமிதாப் பச்சன் நடத்த இந்தியில் வந்தது. 2012-இல் ‘நீங்களும் வெல்லலாம் ஒரு கோடி’ எனத் தமிழிலும் வந்தது. பழைய நோயும் உடன் வந்தது. 2001-இல் பிரிட்டனில் இராணுவ மேஜர் ஒருவர் பெருந்தொகை வென்றார். சரியான விடை வரும்போது அரங்கிலிருந்து இருமல் எழுந்து குறிப்புக் காட்டியது என்று வழக்காகி, 2003-இல் அவர் குற்றவாளி எனத் தீர்ப்பாயிற்று. இம்முறை ஏமாற்றப்பட்டவர் நடத்துநர். பழங்கதையிலோ நடத்துநரே நாட்டை ஏமாற்றினார். வடிவம் எத்தனை மாறினும், காண்போரின் நம்பிக்கை அவரிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதமே.

வான் டோரன் பின்னர் கலைக்களஞ்சிய நிறுவனம் ஒன்றில் நெடுங்காலம் உழைத்தார். விடைகளை விற்றவர், விடைகளைத் தொகுத்துப் பிறர்க்கு வழங்கும் பணியில் வாழ்நாளைக் கழித்தார். 2008 வரை அந்நாட்களைப் பற்றி வெளிப்படையாக எழுதாமல் மௌனம் காத்தார். 2019-இல், 93-ஆம் வயதில் மறைந்தார். அடுத்த ஆண்டே அதே வயதில் ஸ்டெம்பலும் மறைந்தார். மார்ட்டி என்ற ஒரு சொல்லைச் சொல்லாமல் விழுங்கியதை அவர் கடைசிவரை மறக்கவில்லை. இனி நம் வீட்டுப் பெட்டியில் ஒருவர் நெற்றி வியர்க்க விடை தேடும்போது, அந்த வியர்வை மெய்யாக இருக்கவேண்டுமென்று நாம் விரும்புவதில் தவறில்லை. தெரியாது என்று நேர்மையாகச் சொல்லித் தோற்று எழுந்து செல்பவரையும் நம் பிள்ளைகள் கைதட்டி வழியனுப்பட்டும்.